பிசிஆர் கேஸில் முன்ஜாமீன் மனு போட்டிருக்கிறார்கள். நாங்கள் என்ன செய்ய வேண்டும்?

சம்பாவயல் | பிப்ரவரி 5, இரவு 9.40

எல்லோருக்கும் வணக்கம். நாங்கள் டெல்டாவில் ஒரு சின்ன கிராமம். ஊர் பெயர் வேண்டாம்.

என் தம்பி ஒன்றரை ஏக்கர் குத்தகைக்கு எடுத்துச் சம்பா போட்டிருந்தான். அறுத்த நெல்லைக் கொள்முதல் நிலையத்துக் களத்தில் கொட்டிவிட்டு நான்கு நாள் காத்துக் கிடந்தோம். ராத்திரி பனிக்குத் தார்ப்பாய் போட்டு மூடுவது, விடிந்ததும் பிரித்துக் காலால் கிளறிவிடுவது, இதே வேலை. ஈரப்பதம் 17-க்குள் வந்துவிட்டது. ஐந்தாம் நாள் காலை எங்கள் முறை. அப்போது ஊர்த்தெருக்காரர் ஒருவர் டிராக்டரைக் கொண்டுவந்து தராசுக்கு நேராக நிறுத்தினார். "நாங்க நாலு நாளா கிடக்குறோம், வரிசைப்படி வாங்க" என்று தம்பி சொன்னான். அவ்வளவுதான். சாதிப் பெயரைச் சொல்லி, அம்மாவையும் சேர்த்துப் பேசி, நெல் தள்ளுகிற பலகையைப் பிடுங்கித் தோளில் அடித்தார். சுமை தூக்குகிறவர்கள் எட்டுப் பேர், காத்திருந்த விவசாயிகள் பத்துப் பன்னிரண்டு பேர் பார்த்துக்கொண்டு நின்றார்கள்.

ஜி.எச்.சில் காட்டிவிட்டு ஸ்டேஷனுக்குப் போனோம். அன்று புகார் வாங்கியதற்கான சி.எஸ்.ஆர். ரசீது மட்டும் கொடுத்தார்கள். மூன்றாம் நாள்தான் எஃப்.ஐ.ஆர். வன்கொடுமைச் சட்டப் பிரிவும் போட்டிருக்கிறார்கள். கைது இல்லை. இன்று சாயங்காலம் ஏட்டையா வந்து ஒரு தாளைக் கொடுத்துக் கையெழுத்து வாங்கிப் போனார். தம்பியை அடித்தவர் முன்ஜாமீன் கேட்டுச் சிறப்பு நீதிமன்றத்தில் மனு போட்டிருக்கிறாராம். 11-ஆம் தேதி விசாரணை.

பிசிஆர் கேஸ் என்றால் முன்ஜாமீனே கிடையாது என்றுதானே எல்லோரும் சொல்கிறார்கள்? அப்புறம் எப்படி மனு போட முடிந்தது? நாங்கள் கோர்ட்டுக்குப் போக வேண்டுமா? அம்மா சாப்பிடாமல் உட்கார்ந்திருக்கிறாள்.

கறுப்புக்கோட்டு | பிப்ரவரி 5, இரவு 10.55

சகோதரி, முதலில் அம்மாவைச் சாப்பிடச் சொல்லுங்கள். அந்தத் தாள் உங்களைப் பயமுறுத்த வந்ததில்லை. அது உங்கள் உரிமை. வன்கொடுமைச் சட்டத்தில் 2016 ஜனவரி 26 முதல் நடைமுறைக்கு வந்த திருத்தத்தில் 15ஏ என்று ஒரு பிரிவு சேர்த்தார்கள். ஜாமீன் விசாரணை உட்பட எந்த நடவடிக்கையானாலும் பாதிக்கப்பட்டவருக்குத் தகவல் சொல்ல வேண்டும், அவர் பேச விரும்பினால் கேட்க வேண்டும். தகவல் சொல்லாமலே கொடுத்த ஜாமீன் செல்லாது என்று 2021-இல் ஹரிராம் பம்பி வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. ஆகவே போங்கள். தம்பியும் வரட்டும்.

அடுத்தது, நீங்கள் கேட்ட கேள்வி. பிசிஆர் என்று நாம் பேச்சுவாக்கில் சொல்வது 1955-ஆம் வருடத்துக் குடிமை உரிமைகள் பாதுகாப்புச் சட்டத்தின் பெயர். பெயர் ஊரில் ஒட்டிக்கொண்டுவிட்டது. உங்கள் வழக்கு 1989-ஆம் ஆண்டு வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தில் வருகிறது. அதன் 18-ஆம் பிரிவு, குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 438, அதாவது முன்ஜாமீன் பிரிவு, இந்தச் சட்டத்தின் கீழ் வரும் குற்றங்களுக்குப் பொருந்தாது என்கிறது. 2024 ஜூலை முதல் அந்த 438-க்குப் பதில் புதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவில் 482. எண் மாறியதால் தடை போய்விடாது. பழைய பிரிவைச் சொல்லும் இடத்தில் புதியதைப் படித்துக்கொள்ள வேண்டும் என்று பொது விதி இருக்கிறது.

ஆனால் "முன்ஜாமீனே கிடையாது" என்பது முக்கால் உண்மை. புகாரில் எழுதியிருப்பதை அப்படியே உண்மை என்று வைத்துக்கொண்டு படித்தாலும் வன்கொடுமைக் குற்றம் எதுவும் தெரியவில்லை என்றால், அந்த வழக்குக்கு 18 பொருந்தாது. 2012-இல் விலாஸ் பவார் வழக்கில் சொன்னதை 2020 பிப்ரவரியில் பிரித்விராஜ் சௌகான் வழக்கில் மூன்று நீதிபதிகள் உறுதி செய்தார்கள். எதிர்த்தரப்பு வக்கீல் நுழையப் பார்க்கும் வாசல் இதுதான்.

ஆகவே எனக்கு வேண்டியது ஒன்று. எஃப்.ஐ.ஆரில் என்ன எழுதியிருக்கிறது? நீங்கள் இங்கே எழுதியது அல்ல, அங்கே எழுதியிருப்பது. பெயர்களை மறைத்துவிட்டு அந்தப் பத்தியை மட்டும் இங்கே போடுங்கள்.

ஊரோரம் | பிப்ரவரி 6, காலை 7.15

குறுக்கே வருவதற்கு மன்னிக்கவும். சகோதரியின் தம்பிக்கு நடந்தது அநியாயம்தான். ஆனால் இந்த 18-ஆம் பிரிவால் எங்கள் வீடு பட்ட பாட்டையும் யாராவது கேட்க வேண்டும்.

எங்கள் பெரியப்பாவுக்கு 68 வயது. வயலுக்குப் போகிற பாதைத் தகராறு, பத்து வருடமாக சிவில் கோர்ட்டில் நடக்கிறது. தீர்ப்பு வரப்போகிற நேரத்தில், எங்கள் வீட்டுக்குள் வந்து பேசும்போது சாதியைச் சொல்லித் திட்டினார் என்று புகார். பெரியப்பா 23 நாள் வீட்டுக்கு வரவில்லை. சர்க்கரை நோயாளி. உறவுக்காரர் ஒருவரின் கோழிப்பண்ணையில் படுத்திருந்தார். பெரியம்மா மாத்திரையைத் துணிப்பையில் போட்டு யார் கையிலாவது கொடுத்துவிடுவாள். கொலை வழக்கில் சிக்கியவன்கூட முன்ஜாமீன் மனு போடலாம். எங்கள் பெரியப்பாவுக்கு அந்தக் கதவே இல்லை என்றால் அது என்ன நியாயம்?

கறுப்புக்கோட்டு | பிப்ரவரி 6, மதியம் 1.30

ஊரோரம் தம்பி, நீங்கள் சொல்வதை நான் தள்ளிவிடவில்லை. மாத்திரையைத் துணிப்பையில் அனுப்பிய கஷ்டம் எனக்குப் புரிகிறது. ஆனால் உங்கள் பெரியப்பாவுக்குக் கதவு இருந்தது. யாரோ தவறாக "கிடையாது" என்று சொல்லி அவரை ஓட விட்டிருக்கிறார்கள்.

சாதியைச் சொல்லித் திட்டும் குற்றம், 3(1)(ஆர்), 3(1)(எஸ்) இரண்டுமே, "பொதுமக்கள் பார்வைக்கு உட்பட்ட இடத்தில்" நடந்திருக்க வேண்டும். 2020 நவம்பரில் ஹிதேஷ் வர்மா வழக்கு, உத்தராகண்டில் நிலத் தகராறு. நான்கு சுவருக்குள், வெளியார் யாரும் இல்லாதபோது நடந்ததாகச் சொல்லப்பட்டது இதில் வராது என்றார்கள். 2025 ஜனவரி கடைசியில் நம் லால்குடி வழக்கே இருக்கிறது. வருவாய் ஆய்வாளரை அவர் அலுவலக அறையில் வைத்துத் திட்டியதாகப் புகார். சக ஊழியர்கள் பிறகுதான் உள்ளே வந்தார்கள் என்று புகாரிலேயே இருந்தது. பொதுப் பார்வை இல்லை என்று வழக்கையே ரத்து செய்தார்கள். 2024 ஆகஸ்டில் ஷாஜன் ஸ்கறியா என்ற கேரள யூடியூப் சேனல் ஆசிரியருக்கு முன்ஜாமீனே கிடைத்தது. பாதிக்கப்பட்டவர் பட்டியல் சாதிக்காரர் என்பதற்காக மட்டும் எல்லா அவதூறும் வன்கொடுமை ஆகிவிடாது, சாதியை வைத்து இழிவுபடுத்தும் நோக்கம் தெரிய வேண்டும் என்றது அந்தத் தீர்ப்பு.

இன்னொன்று. திட்டியதற்கான தண்டனை ஆறு மாதம் முதல் ஐந்து வருடம் வரை. ஏழு வருடத்துக்குள் உள்ள குற்றங்களில் காரணம் எழுதாமல் கைது செய்யக் கூடாது என்று 2014-இல் அர்னேஷ் குமார் வழக்கில் சொல்லியிருக்கிறார்கள். 2018-இல் சேர்த்த 18ஏ, கைதுக்கு யாருடைய அனுமதியும் தேவையில்லை என்கிறது. கைது செய்தே ஆக வேண்டும் என்று அதில் இல்லை. நோட்டீஸ் கொடுத்து விசாரித்துவிட்டு அனுப்பும் வழக்குகள் நிறைய உண்டு.

அப்படியென்றால் 18 எதற்கு என்று கேட்பீர்கள். முன்ஜாமீன் என்பதே 1973-ஆம் வருடச் சட்டத்தில்தான் வந்தது. உத்தரப் பிரதேசத்தில் அதை எடுத்துவிட்டு நாற்பது வருடத்துக்கு மேல் இல்லாமலே இருந்தார்கள். 1995-இல் ராம்கிருஷ்ண பலோத்தியா வழக்கில், 18 அரசியல் சாசனத்துக்கு விரோதம் என்ற வாதம் வந்தபோது உச்ச நீதிமன்றம் ஏற்கவில்லை. தீண்டாமைப் பழக்கத்திலிருந்து வரும் குற்றம் இது, செய்தவர் வெளியில் இருந்தால் பாதிக்கப்பட்டவரை மிரட்டி வழக்கையே நடக்கவிடாமல் செய்யலாம் என்பது காரணம். 2018 மார்ச் 20-இல் இரண்டு நீதிபதிகள் இதைத் தளர்த்தினார்கள். டி.எஸ்.பி. முன்விசாரணை, கைதுக்கு மேலதிகாரி அனுமதி என்றெல்லாம். ஏப்ரல் 2 அன்று நாடு முழுக்க பந்த், வடக்கே உயிரிழப்புகள். ஆகஸ்டில் நாடாளுமன்றம் 18ஏ கொண்டுவந்தது. 2019 அக்டோபர் 1-ஆம் தேதி உச்ச நீதிமன்றமே அந்த உத்தரவுகளைத் திரும்பப் பெற்றது.

நான் இரண்டு தரப்புக்கும் ஆஜராகியிருக்கிறேன். பொய்ப் புகாரை உடைக்க இருக்கும் வழி போதும் என்பதுதான் என் அனுபவம். உண்மையான புகாரைக் கொடுத்தவருக்கு முதல் பத்து நாளில் என்ன நடக்கிறது என்பதை நேரில் பார்க்காதவர்களுக்குத்தான் 18 அதிகப்படியாகத் தெரிகிறது.

களப்பணி_செல்வி | பிப்ரவரி 6, இரவு 8.20

அந்தப் பத்து நாளைப் பற்றி நான் சொல்கிறேன். பதினாறு வருடமாக இந்த மாதிரி வீடுகளுக்குத்தான் போய்க்கொண்டிருக்கிறேன்.

முதல் நாள் ராத்திரி ஊர்ப் பெரிய மனிதர் ஒருவர் வருவார். சத்தம் போட மாட்டார். திண்ணையில் உட்கார்ந்து தண்ணீர் வாங்கிக் குடிப்பார். நம் வீட்டில் தண்ணீர் குடித்ததையே ஒரு பெரிய விஷயமாக ஆக்கிவிட்டு, "பையன் வயசு, கோபத்துல பேசிட்டான், விடுங்க" என்பார். மூன்றாம் நாள் அறுவடை மிஷின்காரர் உங்கள் வயலுக்கு நேரமில்லை என்பார். ஐந்தாம் நாள் எதிர்ப்புகார். உங்கள் பையன்தான் முதலில் அடித்தான், சங்கிலியைக் காணோம் என்று எழுதியிருக்கும். அப்புறம் "நீங்க வாபஸ் வாங்குங்க, நாங்களும் வாங்குறோம்". ஒருவரும் கத்தியைக் காட்டவில்லை. ஆனால் பத்தாம் நாள் பார்த்தால் சாட்சி சொல்கிறேன் என்றவர் திருப்பூருக்கு வேலைக்குப் போயிருப்பார்.

சம்பாவயல், உன் வீட்டுக்கு யார் யார் வந்தார்கள், என்ன சொன்னார்கள் என்று தேதி போட்டு ஒரு நோட்டில் எழுதி வை. நெல் என்ன ஆச்சு?

சம்பாவயல் | பிப்ரவரி 7, காலை 6.50

செல்வி அக்கா, நீங்கள் எழுதியதைப் படித்து அழுதுவிட்டேன். தண்ணீர் குடித்தவர் எங்கள் வீட்டுக்கும் வந்தார். நெல் அதே களத்தில்தான் கிடக்கிறது. தம்பி அங்கே போக மாட்டேன் என்கிறான், நானும் அப்பாவும் மாறி மாறிக் காவல் இருக்கிறோம்.

வக்கீல் சார், எஃப்.ஐ.ஆரில் இருப்பது இவ்வளவுதான்:

"...நெல் எடை போடுவது சம்பந்தமாக ஏற்பட்ட வாய்த்தகராறில் மேற்படி நபர் வாதியை அசிங்கமாகவும் சாதியைச் சொல்லியும் திட்டி, பலகையால் இடது தோள்பட்டையில் அடித்து, கொன்றுவிடுவேன் என மிரட்டியதாக..."

சுற்றி நின்றவர்கள் பற்றி ஒரு வரிகூட இல்லை. தம்பி எல்லாவற்றையும் சொன்னான், நான் பக்கத்தில்தான் இருந்தேன். சாதிப் பெயரைச் சொல்ல அவன் திக்கியபோது ரைட்டர், "அதெல்லாம் வேண்டாம்ப்பா, சாதியைச் சொல்லித் திட்டினார்னு போட்டாப் போதும்" என்றார். எழுதியதைப் படித்துக் காட்டவில்லை. கையெழுத்துப் போடும் இடத்தில் பேனாவால் ஒரு பெருக்கல் குறி போட்டுக் காட்டினார். தம்பி போட்டுவிட்டான்.

கறுப்புக்கோட்டு | பிப்ரவரி 7, காலை 11.10

இதற்குத்தான் பயந்தேன். நூற்றில் பாதி வழக்கு இந்த மேசையிலேயே தோற்கிறது. என்ன வார்த்தை, எந்த இடம், யார் கேட்டார்கள், இந்த மூன்றும்தான் உயிர். இரண்டு விடுபட்டிருக்கிறது. எதிர்த்தரப்பு வக்கீல் 11-ஆம் தேதி எழுந்து, "பொதுமக்கள் இருந்ததாகப் புகாரிலேயே இல்லை" என்று தொடங்குவார், எழுதி வைத்துக்கொள்ளுங்கள்.

வாய்மொழியாகச் சொன்னதை எழுதினால் கையெழுத்துக்கு முன் படித்துக் காட்ட வேண்டும், நகலை உடனே கொடுக்க வேண்டும் என்று 4-ஆம் பிரிவே சொல்கிறது. பட்டியல் சாதி, பழங்குடி அல்லாத அரசு ஊழியர் வேண்டுமென்றே அந்தக் கடமையைச் செய்யாவிட்டால் அவருக்கே ஆறு மாதம் முதல் ஒரு வருடம் வரை தண்டனை உண்டு. அதைப் பிறகு பார்க்கலாம். இப்போது கையில் இருப்பதை வைத்துப் பேசுவோம்.

முதல் பலம், அடி. தெரிந்தே பட்டியல் சாதிக்காரரை அடித்துக் காயப்படுத்தினால் அது 3(2)(வி.ஏ). அதற்குப் பொதுப் பார்வை தேவையே இல்லை. நான்கு சுவருக்குள் அடித்தாலும் குற்றம்தான். சாதி தெரியாது என்று அவர் சொல்ல முடியாது. ஒரே ஊர், குடும்பத்தைத் தெரிந்தவர் என்றால் சாதி தெரியும் என்றே நீதிமன்றம் எடுத்துக்கொள்ளும், 8-ஆம் பிரிவில் இருக்கிறது. எஃப்.ஐ.ஆரில் 3(2)(வி.ஏ) இருக்கிறதா என்று பாருங்கள். இல்லையென்றால் டி.எஸ்.பி.யிடம் இன்றே மனு கொடுங்கள். ஜி.எச்.சில் போட்ட ஏ.ஆர்., அதாவது காயத்தை எழுதும் விபத்துப் பதிவேட்டின் நகலை வாங்கிவிடுங்கள். "பலகையால்" என்று டாக்டரிடம் சொன்னது அதில் இருக்கும்.

இரண்டாவது, கொள்முதல் நிலையம் திறந்த களம். அந்த நேரத்தில் ஆள் இல்லாமல் எடை நடக்காது என்பது யாருக்கும் தெரியும். இருந்தாலும் எழுத்தில் வர வேண்டும். இந்த வழக்குகளை டி.எஸ்.பி. அந்தஸ்துக்குக் குறையாதவர்தான் விசாரிக்க வேண்டும். அவர் தம்பியிடம் வாக்குமூலம் வாங்கும்போது எட்டு சுமைத் தொழிலாளர்கள், தராசு நின்ற இடம், திட்டிய வார்த்தை, எல்லாவற்றையும் கூச்சப்படாமல் சொல்லட்டும். "பிறகு யோசித்துச் சேர்த்தது" என்று எதிர்த்தரப்பு சொல்லும். சொல்லட்டும், அது விசாரணையில் பார்க்க வேண்டியது.

பழையகாக்கி | பிப்ரவரி 7, மாலை 4.45

நான் எஸ்.ஐ.யாக இருந்து ஓய்வு பெற்றவன். ரைட்டர் செய்தது தப்பு. எல்லா இடத்திலும் கெட்ட எண்ணம் என்று சொல்ல மாட்டேன். அந்த வார்த்தையைக் கையால் எழுதக் கூசுகிறவர்களையும் பார்த்திருக்கிறேன், வழக்கைத் தளர்த்துவதற்காகவே விடுகிறவர்களையும் பார்த்திருக்கிறேன். பாதிக்கப்பட்டவனுக்கு இரண்டும் ஒன்றுதான்.

அம்மா சம்பாவயல், ஒரு விஷயம். அன்று காலை யார் யாருக்கு எடை போட வேண்டியிருந்தது என்று நிலையத்தில் டோக்கன் பதிவு இருக்கும். எத்தனை விவசாயிகள் அங்கே இருந்திருப்பார்கள் என்பதற்கு அதைவிட நல்ல காகிதம் இல்லை. அதைக் கைப்பற்றும்படி டி.எஸ்.பி.க்கு எழுதிக் கொடு. பேச்சு சாட்சி திருப்பூருக்குப் போய்விடலாம், பதிவேடு போகாது. சம்பவ இடத்தைப் பார்த்துப் பார்வை மகஜர் எழுத வரும்போது தம்பி கூடவே நிற்கட்டும். பயமாக இருந்தால் நீ நில்.

ஊரோரம் | பிப்ரவரி 8, காலை 9.00

வக்கீல் சார் எழுதியதைப் பெரியப்பாவுக்குப் படித்துக் காட்டினேன். "நோட்டீஸ் கொடுத்து அனுப்பியிருப்பாங்கன்னா நான் ஏன் கோழிப்பண்ணையில படுத்திருந்தேன்" என்று கேட்டார். என்னிடம் பதில் இல்லை. சட்டத்தின் மேல் எனக்கு இருக்கும் கேள்வி முழுதாகப் போய்விடவில்லை. இந்த வயதுக்காரர்களை அலைய விடாமல் ஏதாவது செய்ய வேண்டும் என்றுதான் இன்னமும் நினைக்கிறேன். ஆனால் சகோதரியின் வழக்கும் எங்களுடையதும் ஒன்றில்லை. 11-ஆம் தேதி கட்டாயம் போங்கள்.

கறுப்புக்கோட்டு | பிப்ரவரி 8, இரவு 10.05

நன்றி தம்பி.

சகோதரி, கூடுதலாக ஒன்று. 2025 செப்டம்பர் 1-ஆம் தேதி, மகாராஷ்டிரத்தில் தேர்தல் தொடர்பான தாக்குதல் வழக்கு ஒன்றில் மும்பை உயர் நீதிமன்றம் கொடுத்த முன்ஜாமீனை உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது. முன்ஜாமீன் மனுவிலேயே சாட்சியங்களை அலசி ஒரு குட்டி விசாரணை நடத்தக் கூடாது, எஃப்.ஐ.ஆரில் குற்றம் தெரிகிறதா என்று மட்டும் பார் என்றது. அந்தத் தீர்ப்பை அரசுத் தரப்புச் சிறப்பு வழக்கறிஞரிடம் ஞாபகப்படுத்துங்கள். தனியாக வக்கீல் வைக்கப் பணம் இல்லையென்றால் மாவட்ட சட்டப் பணிகள் ஆணைக்குழுவுக்குப் போங்கள். பட்டியல் சாதியினருக்கு வருமானம் பார்க்காமல் இலவசமாக வக்கீல் தருவார்கள்.

சம்பாவயல் | பிப்ரவரி 13, இரவு 8.30

எல்லோருக்கும் கடமைப்பட்டிருக்கிறேன். 11-ஆம் தேதி போனோம். சார் சொன்ன அதே வாக்கியத்தில்தான் அவருடைய வக்கீல் ஆரம்பித்தார். சிறப்பு வழக்கறிஞர் ஏ.ஆர். நகலையும் தம்பியின் வாக்குமூலத்தையும் காட்டினார். 3(2)(வி.ஏ) 9-ஆம் தேதி சேர்த்துவிட்டார்கள்.

நீதிபதி அம்மா பாதிக்கப்பட்டவர் வந்திருக்கிறாரா என்று கேட்டார். தம்பி எழுந்து நின்றான். கை நடுங்கியது, பெஞ்சைப் பிடித்துக்கொண்டான். "தராசு எங்கே இருந்தது?" என்று கேட்டார். "களத்து நடுவுல அம்மா, வேப்பமரத்துக்குக் கீழ. எல்லாரும் சாக்கு மேல உட்கார்ந்திருந்தாங்க" என்றான். என்ன சொன்னார் என்று கேட்டபோது அந்த வார்த்தையை இந்தத் தடவை திக்காமல் சொன்னான். கோர்ட்டில் ஒருவரும் அசையவில்லை. நீதிபதி எழுதிக்கொண்டார்.

இன்று மனு தள்ளுபடி. உயர் நீதிமன்றம் போகிறார்கள் என்று கேள்வி. நெல்லை நேற்று எடை போட்டார்கள், 40 கிலோ சிப்பத்தில் 74. தம்பியே வந்து எண்ணினான்.

கறுப்புக்கோட்டு | பிப்ரவரி 13, இரவு 9.15

தம்பிக்கு என் அன்பைச் சொல்லுங்கள். 14ஏ பிரிவில் உயர் நீதிமன்றத்துக்கு அப்பீல் போவார்கள். நீங்கள் தஞ்சாவூர் மாவட்டம் என்றால் மதுரைக் கிளை, திருவாரூர் நாகை என்றால் சென்னை. அங்கேயும் உங்களுக்குத் தகவல் வர வேண்டும். ஏட்டையா தாளோடு வரும்வரை காத்திருக்காமல், திங்கட்கிழமையே தள்ளுபடி உத்தரவின் நகலுக்கு மனு போட்டுவிடுங்கள். எந்த மாவட்டம் என்று எனக்குத் தனிச்செய்தியில் சொன்னால் அங்கே இருக்கும் வக்கீல் நண்பரிடம் பேசுகிறேன்.

சம்பாவயல் | பிப்ரவரி 13, இரவு 9.22

சரி சார். அனுப்பிவிட்டேன்.